கழுத்தைப் பாருங்கோ, குரலை எண்ணுங்கோ: வளவுப் புறாக்களுக்கு அக்காவின் டிப்ஸ்

தங்கச்சிமாரே, தம்பிமாரே, "உங்கட வளவுக்கு எத்தனை வகைப் புறா வருது?" எண்டு கேட்டால் அரைவாசிப் பேர், "புறா எண்டால் புறாதானே அக்கா, அதில என்ன வகை?" எண்டு என்னையே திருப்பிக் கேட்பினம். உரும்பிராயில ஒரு வேப்பமரமும் ஒரு கரண்ட் கம்பியும் தெரியிற விறாந்தையில தேத்தண்ணியோட இருந்தாலே இரண்டு வகைக் காட்டுப்புறாவை ஒரு காலமையில பார்த்துப்போடலாம். அதில ஒண்டு கொழும்பில, கண்டியில இருக்கிற ஆக்களுக்கு அவையின்ர வளவில கிடைக்காத புறா.

இண்டைக்குச் சொல்லப்போறது இரண்டு விசயம். இதுகளை அடையாளம் பிடிக்கிறது எப்படி எண்டது ஒண்டு. காயவிட்ட உளுந்தையும் காப்பாத்தி, மாதுளையில இருக்கிற குஞ்சையும் காப்பாத்துறது எப்படி எண்டது மற்றது. புறாவின்ர பழக்கம் தெரிஞ்ச ஆளுக்கு இரண்டுமே லேசு. கல்லெறியவும் வேண்டாம், கூட்டைப் பிடுங்கவும் வேண்டாம்.

1. நிறத்தைக் கடைசியாகப் பாருங்கோ

கனபேர் முதலில நிறத்தைப் பார்த்துத்தான் ஏமாறுறவை. காலமை வெய்யிலில மண்ணிறமாகத் தெரிஞ்ச புறா மம்மல் நேரத்தில சாம்பலாகத் தெரியும். அதால இந்த ஒழுங்கை மனதில வையுங்கோ: முதல் பின்கழுத்து, பிறகு முதுகு, பிறகு வால். நிறம் எல்லாத்துக்கும் பிறகு. புறா உங்களுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு இருக்கேக்க பார்க்கிறதுதான் நல்லது. நேரே பார்த்துக்கொண்டு இருந்தால் இரண்டு வகையின்ர நெஞ்சும் கிட்டத்தட்ட ஒரே இளஞ்சிவப்புச் சாயல்தான்.

2. முத்தத்துக்கு வாறது புள்ளிப்புறா

மணிப்புறா எண்டும் சொல்லுவினம். அலகு நுனியில இருந்து வால் நுனி வரைக்கும் 30 சென்ரிமீற்றர் அளவு. பின்கழுத்தில அகலமான கறுப்புப் பட்டை, அந்தக் கறுப்புக்குள்ள நெருக்கமாக வெள்ளைப் புள்ளிகள். முதுகும் செட்டையும் மண்ணிறம், அதிலயும் மங்கின செம்மண்ணிறத்தில புள்ளி புள்ளியாக இருக்கும். தலை சாம்பல், கால் சிவப்பு. வால் நீளமானது. எழும்பிப் பறக்கேக்க வால் விரியும், அப்ப இரண்டு ஓரத்து நுனியும் பளிச்செண்டு வெள்ளையாகத் தெரியும்.

இது இலங்கை முழுக்க இருக்கிற புறா. மனுசரோட பழகினது. நீங்கள் முத்தம் கூட்டிக்கொண்டு போக, பத்தடி தள்ளிப் பின்னால நடந்து பொறுக்கிக்கொண்டு வரும்.

ஒரு கவனம்: கூட்டை விட்டுப் புதுசாக வெளிக்கிட்ட குஞ்சுக்குக் கழுத்தில அந்தப் புள்ளிப் பட்டை இருக்காது. வெறுங்கழுத்தோட ஒரு மண்ணிறப் புறாவைக் கண்டவுடன புது வகை எண்டு முடிவு கட்டாதேங்கோ. கொஞ்சநேரம் பொறுத்தால் தாயோ தேப்பனோ பக்கத்தில வந்து நிற்கும். அதின்ர கழுத்தைப் பாருங்கோ.

3. கம்பியில இருக்கிறது கள்ளிப்புறா

இதுதான் நான் முதல் சொன்ன, எங்களுக்கெண்டே கிடைச்ச புறா. புள்ளிப்புறாவை விடக் கொஞ்சம் பெரிசு, 32 சென்ரிமீற்றர் அளவு. உடம்பு முழுக்க வெளிர் சாம்பலும் மணல் நிறமும் கலந்த ஒரே நிறம். முதுகில ஒரு புள்ளியும் இல்லை. பின்கழுத்தில மட்டும் ஒரு மெல்லிய கறுப்பு அரைவளையம், அதின்ர ஓரத்தில நூலளவு வெள்ளை. கண் கடுஞ்சிவப்பு. செட்டை நுனி மற்ற இடங்களை விடக் கறுத்திருக்கும். கம்பியில இருக்கேக்க கீழ நிண்டு வாலைப் பாருங்கோ: அடிப்பாதி கறுப்பு, நுனிப்பாதி வெள்ளை.

இலங்கையில இது வரண்ட வடக்கிலயும் வடமேற்குக் கரையோரத்திலயும்தான் சீவிக்குது. யாழ்ப்பாணம், மன்னார், புத்தளம் பக்கம் காணலாம். மழை கூடின தெற்குக்கு இது போறதில்லை. பனையும் வெட்டையும் தோட்டத் தறையும்தான் இதுக்குப் பிடிச்ச இடம். பலாலி வீதியால போகேக்க கம்பியில இரண்டு வெளிர் புறா சேர்ந்து இருக்கக் கண்டால் ஒருக்கா நிண்டு கழுத்தைப் பாருங்கோ.

4. காணாவிட்டால் குரலை எண்ணுங்கோ

மரத்துக்குள்ள இருந்து கூவிற புறாவைத் தேடிக் கழுத்து நோக வேண்டாம். காதாலயே பிரிக்கலாம்.

கள்ளிப்புறா எப்பவும் மூண்டாகக் கூவும்: "கு – கூஊ – கு." நடுவில இருக்கிறதுக்குத்தான் அழுத்தம். அதே மூண்டைத் திரும்பத் திரும்பச் சொல்லிக்கொண்டே இருக்கும். பறந்து வந்து கம்பியில இறங்கேக்க மூக்கால வாற ஒரு கரகரத்த சத்தமும் போடும். அதைக் கேட்டால் கழுத்தைப் பார்க்கவும் தேவையில்லை.

புள்ளிப்புறா "குக்... க்ரூ... க்ரூ... க்ரூ" எண்டு தொடங்கும். முதல் சத்தம் குட்டை, பின்னால வாறதுகள் தொண்டைக்குள்ள உருளும். கடைசி "க்ரூ" எத்தனை தரம் எண்டது ஒவ்வொரு முறையும் மாறும். மூண்டிலயே நிண்டால் கள்ளி, எண்ணிக்கை மாறினால் புள்ளி. இவ்வளவுதான் சூத்திரம்.

வேலிப் பத்தைக்குள்ள இருந்து "ஊப் ஊப் ஊப்" எண்டு ஒரே சுருதியில அடுக்கடுக்காகக் கேட்டால் அது புறாவே இல்லை, செண்பகம். கனபேர் இதில மாறுறவை.

5. மற்றச் சொந்தக்காரர்

கோயில் கோபுரத்திலயும் பழைய கட்டிட விளிம்புகளிலயும் கூட்டமாக இருக்கிறது மாடப்புறா. தடிச்ச உடம்பு, செட்டையில இரண்டு கறுப்புக் கோடு, கழுத்தில பச்சையும் ஊதாவும் மினுங்கும். வீடுகளில வளர்க்கிற புறாக்களின்ர மூதாதை இதுதான்.

ஆல், அரசு பழுக்கிற காலத்தில வன்னிப் பக்கம் போனால் பச்சைப்புறாவைப் பாருங்கோ. இலைக்குள்ள இருந்தால் கண்ணுக்குப் பிடிபடாது. பழம் கீழ விழுற இடத்தில நிண்டு மேல பார்க்கவேணும். கூவுற சத்தம் சீக்காய் அடிக்கிற இனம். காட்டுத் தரையில தனிய நடந்து திரியிறது மரகதப்புறா: பச்சைச் செட்டை, சிவப்பு அலகு. தமிழ்நாட்டின்ர மாநிலப் பறவை அதுதான்.

இந்தியாவில இருந்து வாற பறவைப் புத்தகங்களை வைச்சுப் பார்க்கிற பிள்ளையள் ஒண்டைக் கவனிக்கவேணும். அங்க சாதாரணமாகத் திரியிற சின்னத் தவிட்டுப்புறா எங்கட வளவுப் பறவை இல்லை. தரங்கம்பாடியின்ர பெயரையே தன்ர விஞ்ஞானப் பெயரில வைச்சிருக்கிற செந்நிறத் தவிட்டுப்புறாவும் இஞ்ச அபூர்வமாக வந்து போறதுதான். படத்தில ஒத்துப்போகுது எண்டு எழுதிப்போடாமல், இரண்டாவது தரமும் கழுத்தைப் பாருங்கோ.

6. ஆண் எது, பெண் எது?

வளவில திரியிற புள்ளியிலயும் கள்ளியிலயும் ஆணும் பெண்ணும் பார்வைக்கு ஒண்டுதான். நடத்தையிலதான் பிடிக்கவேணும். மதிலில ஒரு புறா கழுத்தை ஊதிப் பெருப்பிச்சு, தலையைக் குனிஞ்சு குனிஞ்சு கூவிக்கொண்டு மற்றதுக்குப் பின்னால நடந்தால், குனியிறது ஆண். மற்றது பெரும்பாலும் கண்டுங்காணாத மாதிரி இரண்டடி தள்ளிப் போய்ப் பொறுக்கும்.

இன்னொண்டும் பாருங்கோ. புள்ளிப்புறா சிலநேரம் மரத்தில இருந்து செட்டையைப் படபடவெண்டு அடிச்சுக்கொண்டு நேர மேல ஏறும். ஒரு உயரம் வந்ததும் அடிக்கிறதை நிப்பாட்டி, செட்டையையும் வாலையும் விரிச்சபடி வட்டமாக வழுகி இறங்கும். பருந்து துரத்துது எண்டு பயப்படாதேங்கோ. "இது என்ர இடம், நான் நல்லாய்த்தான் இருக்கிறன்" எண்டு ஊருக்குக் காட்டுறார், அவ்வளவுதான்.

7. தண்ணி வைக்கிற முறை

கோழி ஒவ்வொரு வாய்க்கும் அண்ணாந்து விழுங்கும். புறா அப்படி இல்லை. அலகை நல்லாத் தாட்டு, தலையைத் தூக்காமல் மாடு குடிக்கிறதைப்போல ஒரே இழுவையாக உறிஞ்சும். விதையும் தானியமும் தின்னுற பறவை எண்டபடியால் தண்ணி கட்டாயம் வேணும். தோட்டத்துக்குத் தண்ணி கட்டுற நேரம் வாய்க்கால் ஓரத்தில புறா நிற்கிறது அதுக்குத்தான்.

பங்குனி, சித்திரை வெய்யிலுக்கு ஒரு அகலமான மண்சட்டி போதும். இரண்டு விரல் ஆழத்துக்கு மேல தண்ணி வேண்டாம். நடுவில ஒரு கல்லு வையுங்கோ. பூனை பதுங்க இடமில்லாத வெளியில வையுங்கோ. முக்கியமானது: ஒவ்வொரு நாளும் ஊத்திப்போட்டு, சட்டியை உரஞ்சிக் கழுவி, புதுத் தண்ணி விடுங்கோ. புறாக்களின்ர தொண்டையில வாற ஒரு தொற்றுநோய் ஒரே சட்டியில குடிக்கிறதாலயும் பரவும். கழுவ ஏலாத ஆக்கள் சட்டி வைக்காமல் விடுறது புறாவுக்கு நல்லது.

கிணத்தடித் தொட்டி ஆழமெண்டால் ஒரு மரப்பலகையைச் சரிவாக வைச்சுவிடுங்கோ. தவறி விழுந்தது ஏறி வர அது உதவும்.

8. காயவிட்ட உளுந்தைக் காப்பாத்த

புறா பெரும்பாலும் காலமையும் பின்னேரமும்தான் மும்முரமாக இரை தேடும். வெய்யில் ஏறினால் நிழலுக்குப் போயிடும். அதால காலமை ஒன்பது மணிக்குப் பிறகு படங்கை விரிச்சு, பின்னேரம் நாலு மணிக்கு முதல் அள்ளுங்கோ. உளுந்துக்கும் அந்த வெய்யில்தான் திறம்.

இடமும் முக்கியம். புறா நேரடியாக வந்து இறங்காது. முதல் மதிலில, கொடியில, தாழ்ந்த கொப்பில இருந்து நோட்டம் பார்த்துத்தான் இறங்கும். அந்த மாதிரி இருக்கைகளுக்குக் கிட்ட விரிக்காமல், விறாந்தைக்குப் பக்கத்தில, ஆள் நடமாடுற இடத்தில விரியுங்கோ. மேல பழைய நூல்சீலையை விரிச்சு நாலு மூலைக்கும் கல்லு வைச்சால் இன்னும் நல்லது. தொளதொளவெண்டு கிடக்கிற வலை வேண்டாம், கால் சிக்கினால் புறா செத்துப்போகும்.

9. விதைச்ச தறையைக் காப்பாத்த

இதில ஒரு சூட்சுமம் இருக்கு. கோழிதான் காலால கிளறும். புறா கிளறாது. மேல தெரியிறதை அலகால பொறுக்கும், மிஞ்சிப்போனால் அலகால கொஞ்சம் தட்டிப்பார்க்கும். ஆகவே பயறோ உளுந்தோ விதைச்சால் மண்ணால ஒழுங்காக மூடினாலே முக்கால்வாசிச் சேதம் குறையும். முளை வாற வரைக்கும் மேல காவோலையைப் பரப்பிவிடுங்கோ. செம்மண் ஈரமும் காயாது.

மினுங்கிற தாளும் பழைய சீடியும் கட்டித் தொங்கவிட்டால் கொஞ்சநாள் பயப்படும், பிறகு அதிலயே வந்து இருக்கும். கட்டினால் அடிக்கடி இடம் மாத்துங்கோ.

மருந்து பிரட்டின விதை மிஞ்சினால் தறை ஓரத்தில கொட்டாதேங்கோ. புறா மட்டுமில்லை, உங்கட வீட்டுக் கோழியும் அதைத்தான் பொறுக்கும்.

10. கூடு கட்டினால் ஒரு மாசம் பொறுங்கோ

கறிவேப்பிலை, மாதுளை, எலுமிச்சை, மல்லிகைப் பந்தல், யன்னலுக்கு மேல இருக்கிற சிலாப், கரண்ட் மீற்றர்ப் பெட்டி. புள்ளிப்புறா எங்கயும் கட்டும். கூடு எண்டால் பெரிசாக ஒண்டுமில்லை. காஞ்ச குச்சி ஒரு பிடி. அடியில நிண்டு மேல பார்த்தால் குச்சிகளுக்கு ஊடாக வானமும் தெரியும், முட்டையின்ர வெள்ளையும் தெரியும். "இந்தக் கூட்டை நம்பியோ முட்டை இட்டது?" எண்டு தோணும். ஆனாலும் அந்தக் கூடுதான் அதுக்குப் போதும்.

ஆண் குச்சி கொண்டுவரும், பெண் அடுக்கும். இரண்டு வெள்ளை முட்டை. இரண்டும் மாறி மாறி அடைகாக்கும். பகலில பெரும்பாலும் ஆண், இரவில பெண். முட்டை பொரிக்க இரண்டு கிழமை, குஞ்சு பறக்க இன்னொரு இரண்டு கிழமை அளவில. ஆக மொத்தம் ஒரு மாசம். வேலி அடைக்கிறதோ கிளுவை வெட்டுறதோ எண்டால் அந்த ஒரு கதியாலை மட்டும் விட்டுட்டு மற்றதை வெட்டுங்கோ. மாசம் முடியப் போய் வெட்டலாம்.

கூட்டைப் படமெடுக்கப் போறவைக்கு: கொப்பை விலத்தி எடுக்காதேங்கோ. நீங்கள் விலத்தின வழியைக் காகமும் செண்பகமும் பார்த்துக்கொண்டுதான் இருக்கும். யன்னலுக்குள்ள நிண்டு போனை நீட்டி ஒண்டு எடுத்தால் போதும்.

சிலாப்பில விழுற எச்சத்துக்குக் கீழ பழைய பேப்பர் விரியுங்கோ. காஞ்ச எச்சத்தை அப்படியே கூட்டினால் தூசு நெஞ்சுக்குள்ள போகும். முதல் தண்ணி தெளிச்சு, மூக்கை மூடிக்கொண்டு வழியுங்கோ.

11. குஞ்சு விழுந்தால்

முதலாவது பயத்தை விடுங்கோ. மனுசக் கை பட்டால் தாய் சேர்க்காது எண்டது வெறும் கதை. கூடு எட்டினால் குஞ்சைத் தூக்கிக் கூட்டிலயே வையுங்கோ. கூடு பிஞ்சுபோனால் ஒரு சின்னப் பனையோலைப் பெட்டியின்ர அடியில ஓட்டை போட்டு, காஞ்ச குச்சி பரப்பி, அதே கொப்பில கட்டி, குஞ்சை வைச்சிட்டுத் தூரப்போய் நில்லுங்கோ. ஆள் நிண்டால் தாய் வராது.

பால் பருக்காதேங்கோ, பாண் ஊட்டாதேங்கோ. புறாக்குஞ்சுக்கு முதல் நாட்களில தாயும் தேப்பனும் குடுக்கிறது தங்கட தொண்டைப்பையில சுரக்கிற தயிர் பதமான ஒரு பால். கொழுப்பும் புரதமும் நிறைஞ்சது. மாட்டுப்பாலுக்கும் அதுக்கும் சம்பந்தமில்லை. குடிக்கிற முறையும் வேற: மற்றக் குஞ்சுகள் வாயை ஆவெண்டு திறக்க, புறாக்குஞ்சு தன்ர அலகைத் தாயின்ர வாய்க்குள்ள விட்டு எடுக்கும். நாங்கள் மேல இருந்து வாய்க்குள்ள தண்ணி சொட்டவிட்டால் அது மூச்சுக்குழலுக்குள்ள போய்விடும்.

இறகு நல்லா முளைச்சு, நிலத்தில தத்தித் திரியிற குஞ்செண்டால் அது விழுந்த குஞ்சில்லை, பறக்கப் பழகுது. பூனையைப் பிடிச்சு வீட்டுக்குள்ள விட்டால் அதுவே பெரிய உதவி.

12. பூனை, கண்ணாடி, பட்டநூல்

முத்தத்தில ஒரு கொத்து வால் இறகு கிடந்தால் புறா செத்துப்போச்சு எண்டு அர்த்தமில்லை. பயந்த நேரத்தில புறா இறகை லேசாகக் கழட்டிவிட்டுத் தப்பும், பிறகு முளைக்கும். ஆனால் பூனை கவ்வின புறா எண்டால் காயம் சின்னதாகத் தெரிஞ்சாலும் மிருக வைத்தியரிட்டைக் காட்டுங்கோ. பூனையின்ர பல்லில இருக்கிற கிருமி ஆபத்தானது.

பெரிய யன்னல் கண்ணாடியில புறா மோதினால், சிலநேரம் விரிச்ச செட்டையோட முழு உருவமும் வெண்தூளாகப் பதிஞ்சிருக்கும். அது இறகில இருக்கிற மெல்லிய தூள். மயங்கிக் கிடந்தால் ஓட்டை போட்ட காட்போட் பெட்டிக்குள்ள, இருட்டில, சத்தமில்லாத இடத்தில வையுங்கோ. தண்ணி தெளிக்க வேண்டாம். தெளிஞ்சதும் வெளியில கொண்டுபோய்த் திறந்தால் தானே போகும். பிறகு கண்ணாடிக்கு வெளிப்பக்கம் ஒரு சீலை கட்டிவிடுங்கோ.

தைப்பொங்கலுக்குப் பட்டம் ஏத்துற தம்பிமாரே, இது உங்களுக்கு. அறுந்த தங்கூசியும் நைலோன் நூலும் பனை வட்டிலயும் கம்பியிலயும் கிடந்தால் புறாவின்ர காலிலயும் செட்டையிலயும் சுத்தும். எட்டின மட்டும் சுத்தி எடுத்து, துண்டு துண்டாக வெட்டிக் குப்பையில போடுங்கோ.

13. வெளிநாட்டில இருக்கிற உறவுகளுக்கு

லண்டனில கூரையில இருந்து "கு – கூஊ – கு" எண்டு கேட்டால் அது எங்கட கம்பியில இருக்கிற அதே கள்ளிப்புறா இனம்தான். ஆசியாப் பக்கத்தில இருந்து போன நூற்றாண்டில ஐரோப்பா முழுக்கப் பரவி, பிரித்தானியாவில 1955ல நோர்ஃபோக் பகுதியில முதன்முதலாகக் கூடு கட்டினது. எங்கட ஆக்கள் பெருந்தொகையாகப் போறதுக்குக் கனகாலம் முதலே புறா அங்க குடியேறிப்போட்டுது. மெல்பேணில முத்தத்துக்கு வாறது புள்ளிப்புறா. 1860களில கொண்டுபோய் விட்டது. ரொறன்ரோவில கூரான நீள வாலோட வாறது வேற இனம், கழுத்தில பட்டையும் இல்லை, வளையமும் இல்லை. அடுத்த முறை வீடியோக் கோலில கதைக்கேக்க, "அங்க கேட்கிற புறா எத்தனையாகக் கூவுது?" எண்டு கேட்டுப் பாருங்கோ.

இந்தக் கிழமைக்கு வீட்டுவேலை

ஒரு பழைய கொப்பியில மூண்டு நிரை போடுங்கோ: கழுத்து, குரல், இடம். கண்டதை மட்டும் எழுதுங்கோ, ஊகிச்சதை எழுதாதேங்கோ. ஆர்வம் கூடினால் ஜி. எம். ஹென்றி 1955ல எழுதின இலங்கைப் பறவைகள் வழிகாட்டியை நூலகத்தில கேட்டுப் பாருங்கோ. போனில குரலைப் பதிஞ்சு கொடுத்தால் பெயர் சொல்லுற மெர்லின் செயலியும் இருக்கு. ஆனால் அது சொல்லுறதுக்கு முதல் நீங்கள் ஒருக்கா எண்ணிச் சொல்லிப் பழகுங்கோ.

திகதி போட மறக்காதேங்கோ. இடத்துக்கு "உரும்பிராய்" எண்டு மட்டும் எழுதினால் போதாது. "கிணத்தடி மாதுளை, தெற்குக் கொப்பு" எண்டு எழுதுங்கோ. புறா அதே கூட்டுக்குத் திரும்பி வாறதும் உண்டு. வந்தால் உங்கட கொப்பியைப் பார்த்துத்தான் அது தெரியவரும், அந்தக் கொப்பை வெட்டாமல் விடவும் அதுதான் ஞாபகப்படுத்தும்.